‘கலை எங்கே?’ என்று கேட்பவர்களுக்கு

நண்பர்கள் சிலர் கூடி மாதம் ஒரு படம் பார்ப்பது என்ற வழக்கத்தைப் பல ஆண்டுகளாக விடாமல் வைத்திருக்கிறோம். வாடகைக்கு எடுத்த சிறு கூடம், இரவல் வாங்கிய ப்ரொஜெக்டர், சுவரில் இழுத்துக் கட்டிய வெள்ளை வேட்டி, முப்பதுக்கும் குறைவான நாற்காலிகள். பெர்க்மனும் தார்க்கோவ்ஸ்கியும் ஓசுவும் எங்களிடம் இப்படித்தான் வந்து சேர்ந்தார்கள். அந்த வரிசையில் அண்மையில் ஒரு ஞாயிற்றுக்கிழமை ஆனந்த் பட்வர்தனின் ‘ஜெய் பீம் காம்ரேட்’ (2011) ஆவணப்படத்தைத் திரையிட்டோம். மூன்று மணி நேரத்துக்கும் மேல் ஓடும் படம். பாதியில் நான்கு பேர் எழுந்து போனார்கள். எஞ்சியவர்கள் இறுதிவரை இருந்தார்கள்.

விளக்கைப் போட்டதும் எங்களில் மூத்தவர் ஒருவர் பேசினார். நாற்பது ஆண்டுகளாகச் சிற்றிதழ்களோடு வாழ்பவர், நாங்கள் மதிக்கும் வாசகர். “உழைப்பு தெரிகிறது, நோக்கமும் நல்லதுதான். ஆனால் கலை எங்கே?” என்று கேட்டார். பல தலைகள் ஆமோதித்து அசைந்தன. இது பிரச்சாரம் என்றார் ஒருவர். ஒரு பக்கத்தை மட்டும் காட்டுகிறது என்றார் இன்னொருவர். மூன்றாமவர், இதையெல்லாம் பார்த்து நாம் என்ன செய்துவிடப் போகிறோம் என்று சலித்துக்கொண்டார். அன்று மாலை எங்களிடம் தகுந்த பதில் இல்லை. தேநீர் குடித்துவிட்டுக் கலைந்து போனோம். ஆனால் அந்தக் கேள்வி எங்களை விடவில்லை. அது தவறான கேள்வி என்பது மட்டுமல்ல, மிக நீண்ட காலமாக மிகச் சௌகரியமாகக் கேட்கப்பட்டு வரும் கேள்வி என்ற முடிவுக்கு வந்திருக்கிறோம். அந்த நண்பரோடு எங்களுக்குத் தனிப்பட்ட வழக்கு எதுவும் இல்லை. அவர் வாயிலாகப் பேசிய ஒரு பொதுமனத்தோடுதான் வழக்கு. அதில் நாங்களும் அடக்கம்.

2

முதலில் இந்தப் படம் எங்கிருந்து பிறந்தது என்பதைச் சொல்லிவிடுவோம்.

1985இல் பட்வர்தன் ‘பம்பாய் நமது நகரம்’ என்ற படத்தை எடுத்தார். பம்பாயின் நடைபாதைகளிலும் குடிசைகளிலும் வாழ்ந்தவர்களின் வீடுகள் புல்டோசர்களால் இடிக்கப்பட்டதைப் பற்றிய படம் அது. அந்த நகரத்தைக் கட்டியவர்களே அந்த நகரத்தின் அசிங்கமாகப் பார்க்கப்படும் விந்தையை அது பதிவு செய்தது. அதில் ஒரு பாடகர் பாடுகிறார். பெயர் விலாஸ் கோக்ரே. தலித், குடிசைவாசி, இடதுசாரிக் கலைக்குழுவில் இயங்கியவர். மராத்தியில் இத்தகைய மக்கள் பாடகர்களை ஷாஹிர் என்பார்கள். அம்பேத்கர் இயக்கம் எழுத்தறியாத மக்களிடம் சென்றடைந்ததில் இந்த ஷாஹிர்களுக்கும் அவர்கள் நடத்திய ஜல்ஸா என்னும் இசைக்கூத்துகளுக்கும் பெரும் பங்கு உண்டு. அண்ணா பாவ் சாட்டே, வாமன்தாதா கர்டக் போன்றோர் அந்த மரபின் பெரும் பெயர்கள்.

பன்னிரண்டு ஆண்டுகள் கழித்து, 1997 ஜூலை 11 அன்று, மும்பை காட்கோபரில் உள்ள ரமாபாய் அம்பேத்கர் நகரில் காலையில் கண்விழித்த மக்கள் அம்பேத்கர் சிலைக்குச் செருப்பு மாலை போடப்பட்டிருப்பதைக் கண்டார்கள். திரண்டு சாலைக்கு வந்தார்கள். சற்று நேரத்தில் வந்து சேர்ந்த ரிசர்வ் போலீஸ் துப்பாக்கியால் சுட்டது. பத்துப் பேர் இறந்தார்கள். நான்கு நாட்களுக்குப் பிறகு, ஜூலை 15 அன்று, விலாஸ் கோக்ரே தற்கொலை செய்துகொண்டார். செங்கொடியின் கீழ் பாடிவந்தவர் இறக்கும்போது தலையில் நீலத்துணி கட்டியிருந்தார்.

பட்வர்தன் அப்போது கேமராவை எடுத்தார். படத்தை முடிக்கும்போது 2011. இடையில் பதினான்கு ஆண்டுகள்.

நண்பர்களே, ‘கலை எங்கே’ என்ற கேள்விக்கு முதல் பதில் இந்தப் பதினான்கு ஆண்டுகளில் இருக்கிறது. ஒரு நாவலாசிரியர் பத்தாண்டு ஒரு படைப்போடு போராடினார் என்று கேள்விப்பட்டால் நாம் எழுந்து நின்று வணங்குகிறோம். அதைத் தவம் என்கிறோம். ஓர் ஆவணப்படக்காரர் ஒரு துப்பாக்கிச் சூட்டோடு, ஒரு பாடகனின் மரணத்தோடு, பதினான்கு ஆண்டுகள் வாழ்ந்தால் அதை ‘உழைப்பு’ என்று தட்டிக்கொடுத்துவிட்டு நகர்ந்துவிடுகிறோம். இந்த இரண்டு சொற்களுக்கும் இடையில் உள்ள தூரம் எதனால் அளக்கப்படுகிறது என்று எப்போதாவது யோசித்திருக்கிறோமா?

3

அடுத்து, பிரச்சாரம், பக்கச்சார்பு என்ற குற்றச்சாட்டு.

ரமாபாய் நகர்த் துப்பாக்கிச் சூட்டை நியாயப்படுத்தக் காவல்துறை சொன்ன காரணம் ஒன்று உண்டு. கலவரக்காரர்கள் எரிவாயு ஏற்றி வந்த டாங்கர் லாரிகளைக் கொளுத்த முற்பட்டார்கள், அது நடந்திருந்தால் வட்டாரமே எரிந்திருக்கும், எனவே சுட நேர்ந்தது என்பது அந்தக் கதை. நாளிதழ் படிக்கும் ஒரு சராசரி மனிதர் இதைக் கேட்டால் என்ன நினைப்பார்? ‘இரண்டு பக்கமும் தவறு இருக்கலாம்’ என்று நினைப்பார். நடுநிலை என்று நாம் கொண்டாடுவது பெரும்பாலும் இந்த இடத்தில் நின்றுவிடுகிறது. அரசு ஒன்றைச் சொல்லும், செத்தவனின் தாய் ஒன்றைச் சொல்வாள், இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துவிட்டுக் கைகழுவிக்கொள்வது.

பட்வர்தன் அப்படி நிறுத்திக்கொள்வதில்லை. டாங்கர் எங்கே நின்றது, சுடப்பட்டவர்கள் எங்கே விழுந்தார்கள், காட்சிகள் எந்த வரிசையில் எடுக்கப்பட்டவை என்று ஒரு வழக்கறிஞரின் பொறுமையோடு கேட்கிறார். அந்தக் கதை நம் கண்ணெதிரில் உதிர்கிறது. விசாரணைக்கென அமைக்கப்பட்ட நீதிபதி குண்டேவார் ஆணையமும் துப்பாக்கிச் சூடு தேவையற்றது என்றே கண்டறிந்தது. சுட உத்தரவிட்ட அதிகாரிக்கு 2009இல் அமர்வு நீதிமன்றம் ஆயுள் தண்டனை விதித்தது. ஆனால் உயர்நீதிமன்றம் அந்தத் தண்டனையை நிறுத்திவைத்து அவரைப் பிணையில் விட்டது. பன்னிரண்டு ஆண்டுகள் நீதிமன்றப் படிகளில் ஏறி இறங்கிய குடும்பங்கள் வெறுங்கையோடு வீடு திரும்பின.

இப்போது சொல்லுங்கள். இதில் ‘மறுபக்கம்’ என்பது எது? உண்மையைக் கண்டறிய முயல்வது பக்கச்சார்பு என்றால், கண்டறியாமல் விடுவதற்கு என்ன பெயர்? பிரச்சாரம் என்பது விடையை முதலில் வைத்துக்கொண்டு சான்றுகளைத் தேடுவது. இந்தப் படத்திலோ, விடை கையில் இருந்தவர்கள் காவல்துறையினர். சான்றுகளைத் தேடியவர் பட்வர்தன்.

பட்வர்தன் மீதான பக்கச்சார்புப் புகார் இந்தப் படத்தோடு தொடங்கியதும் அல்ல. அயோத்தி பற்றிய ‘ராம் கே நாம்’ (1992) படத்தில், அந்தக் கோயிலுக்கு நீதிமன்றத்தால் நியமிக்கப்பட்ட பூசாரியான லால்தாஸ், ராமரின் பெயரால் நடந்த அரசியலைத் தம் சொந்த வாயால் கண்டிக்கிறார். அவர் 1993இல் கொலை செய்யப்பட்டார். பக்தியின் உள்ளிருந்து எழுந்த அந்தக் குரலை ஒளிப்பதிவு செய்ததைத்தான் ‘ஒருதலைப்பட்சம்’ என்றார்கள். ‘தந்தை, மகன், புனிதப் போர்’ 1995இல் முடிந்த படம். தூர்தர்ஷன் அதை ஒளிபரப்ப மறுத்தது. 2006இல் உச்சநீதிமன்றம் ஆணையிட்ட பிறகுதான் வழி பிறந்தது. அணு ஆயுதங்களுக்கு எதிரான ‘போரும் அமைதியும்’ (2002) படத்துக்குத் தணிக்கை வாரியம் ஏராளமான வெட்டுகளைச் சொன்னது. 2003இல் பம்பாய் உயர்நீதிமன்றம் ஒரு வெட்டும் இல்லாமல் அதை அனுமதித்தது. 2019இல் கேரளத்தின் ஆவணப்பட விழாவில் ‘விவேக்’ படத்தைத் திரையிடுவதற்கே உயர்நீதிமன்றத்துக்குப் போக வேண்டியிருந்தது.

ஆக, தடை விதித்தவர்கள் சொன்ன காரணமும் நம் கூடத்தில் நண்பர் சொன்ன காரணமும் ஒன்றாக இருக்கின்றன. அரசு ‘பக்கச்சார்பு’ என்றது. நாம் ‘பிரச்சாரம்’ என்கிறோம். அரசாவது நீதிமன்றத்தில் தன் தரப்பை நிறுவ வேண்டியிருந்தது. நமக்கு அந்தக் கட்டாயமும் இல்லை. தலையசைத்தால் போதும்.

4

இருந்தாலும், வடிவம் பற்றிய கேள்வியை நாங்கள் தட்டிக்கழிக்க விரும்பவில்லை. இலக்கிய வாசகர்களாகிய நாம் வடிவத்தைப் பேசத்தான் வேண்டும். பேசுவோம்.

‘ஜெய் பீம் காம்ரேட்’ பாடல்களால் கட்டப்பட்ட படம். ஒரு மரணத்தில் தொடங்கி, அந்த மரணத்துக்குப் பின்னும் நிற்காத பாட்டைத் தேடிச் செல்கிறது. கல்யாண வீட்டில், தெருமுனையில், நினைவுநாள் கூட்டத்தில், குடிசைக்குள் என்று யார் யாரோ பாடிக்கொண்டே இருக்கிறார்கள். படத்தின் பிற்பகுதியில் புனேயைச் சேர்ந்த கபீர் கலா மஞ்ச் என்ற இளைஞர் குழு வருகிறது. ஷீதல் சாட்டே என்ற இளம்பெண் பாடுகிறார். கோக்ரேயின் குரல் நின்ற இடத்திலிருந்து இந்தக் குரல் எழுகிறது என்பதை இயக்குநர் சொல்லவில்லை. நாமே கேட்கிறோம். ஷீதலின் தாயிடம் கேமரா போகிறது. மகளின் அரசியலை முழுக்க ஏற்காத, ஆனால் மகளைக் கைவிடாத ஒரு தாய். அந்தக் காட்சியில் எவ்வளவு சிறுகதை இருக்கிறது என்பதை நம்மில் சிறுகதை எழுதுபவர்கள் பார்க்க வேண்டும்.

இன்னொரு இடம். ஆண்டுதோறும் டிசம்பர் 6 அன்று அம்பேத்கரின் நினைவைப் போற்ற லட்சக்கணக்கான மக்கள் தாதருக்கு வருகிறார்கள். கிராமங்களிலிருந்து, ரயிலின் பொதுப்பெட்டிகளில், குழந்தைகளைத் தூக்கிக்கொண்டு. அந்தப் பகுதியில் வாழும் படித்தவர்கள் சிலர் கேமரா முன் நின்று அழுக்கைப் பற்றி, கூட்டத்தைப் பற்றி, தங்கள் அமைதி கெடுவதைப் பற்றிப் பேசுகிறார்கள். குரலை உயர்த்தவில்லை. கெட்ட வார்த்தை எதுவும் இல்லை. மிக நாகரிகமாகப் பேசுகிறார்கள். அதே படத்தில் அந்த மாநகரத்தின் குப்பையை வெறுங்கைகளால் அள்ளும் தலித் தொழிலாளர்களையும் பார்க்கிறோம். ஒன்றையும் இன்னொன்றையும் கோத்து இயக்குநர் விளக்கவுரை ஆற்றவில்லை. பார்ப்பவர் மனத்தில் அந்த இரண்டும் சந்தித்துக்கொள்கின்றன. நாம் நம் கதைகளில் ‘உணர்த்துதல்’ என்று எதைச் சொல்கிறோமோ அது இங்கே நடக்கிறது. கதையில் நடந்தால் அது கலை, ஆவணப்படத்தில் நடந்தால் தகவலா?

படம் தன் தரப்பினரையும் விட்டுவைக்கவில்லை என்பதையும் சொல்ல வேண்டும். தேர்தல் கணக்குக்காகப் பழைய எதிரிகளோடு மேடை ஏறும் தலித் தலைவர்களை அது காட்டுகிறது. கோக்ரே இறப்பதற்கு முன்பே அவருடைய இடதுசாரிக் கலைக்குழு அவரை விலக்கிவைத்திருந்ததையும் அது மறைக்கவில்லை. ‘ஜெய் பீம்’ என்ற சொல்லும் ‘காம்ரேட்’ என்ற சொல்லும் ஏன் ஒரே வாயில் நிலைக்க முடியாமல் போயின என்ற கேள்விதான் அந்தத் தலைப்பு. 2006இல் கயர்லாஞ்சியில் ஒரு தலித் குடும்பத்தின் நால்வர் கொல்லப்பட்டபோது அந்தக் கேள்வி இன்னும் கூர்மையடைகிறது. நிலம், சாதி, பெண்ணுடல் ஆகிய மூன்றும் ஒரே இடத்தில் சந்தித்த கொலை அது. வர்க்கத்தை மட்டும் பேசினாலும் போதாது, அடையாளத்தை மட்டும் பேசினாலும் போதாது. பிரச்சாரப்படம் தன் தோழர்களிடம் இப்படிக் கேள்வி கேட்காது.

5

தமிழில் இந்த ‘கலை எங்கே’ என்ற கேள்விக்கு ஒரு வரலாறு இருக்கிறது. 1992இல் பாமாவின் ‘கருக்கு’ வந்தபோது என்ன சொன்னோம்? இது தன்வரலாறா நாவலா, பேச்சுமொழியில் எழுதினால் இலக்கியமாகுமா, கோபம் கலையாகுமா என்று கேட்டோம். தொண்ணூறுகளில் தலித் இலக்கியம் பற்றி நடந்த வாதங்களை இன்று எடுத்துப் படித்தால் பலருக்கும் கூச்சமாக இருக்கும். மராத்தியில் நாம்தேவ் தசாலின் ‘கோல்பிட்டா’ 1972இல் வந்தபோது அங்கும் முகம் சுளித்தவர்கள் இருந்தார்கள். இன்று அவை பாடத்திட்டத்தில் இருக்கின்றன, ஆய்வேடுகள் குவிகின்றன. அழகியல் என்று நாம் எதைச் சொன்னோமோ அது நம் பழக்கத்தின் மறுபெயராக இருந்தது என்பதை அந்த நூல்கள் காட்டிக்கொடுத்தன.

எங்கள் வாதம் இதுதான். புதிதாக ஒரு கூட்டம் கலையின் வாசலில் வந்து நிற்கும்போதெல்லாம் உள்ளே இருப்பவர்கள் கலையின் இலக்கணத்தைக் கேட்கிறார்கள். உள்ளே ஏற்கெனவே இருப்பவற்றிடம் அந்தக் கேள்வி கேட்கப்படுவதில்லை. மேல்தட்டுக் குடும்பத்தின் மனச்சோர்வைப் பற்றிய ஒரு மந்தமான ஐரோப்பியப் படத்தை நாங்கள் இதே கூடத்தில் பார்த்திருக்கிறோம். அன்று யாரும் ‘கலை எங்கே’ என்று கேட்கவில்லை. புரியவில்லை என்று சொல்லவே பயந்தோம்.

6

ஆனால் எதிர்த்தரப்பின் கேள்வி தவறானது என்பதால் கேள்விகளே இல்லை என்று ஆகிவிடாது. பட்வர்தனிடமும் அவரைப் போன்றவர்களிடமும் கேட்க வேண்டிய கேள்வி ஒன்று உண்டு. அதை எந்த விமர்சகருக்கும் முன்பாக ஒரு குடிசைவாசிப் பெண் கேட்டுவிட்டார்.

‘பம்பாய் நமது நகரம்’ படத்தில் வருகிறது அந்தக் காட்சி. வீடு இடிக்கப்பட்டிருக்கிறது. கேமராவோடு வந்தவர்களைப் பார்த்து அந்தப் பெண் கொதிக்கிறார். எங்களைப் படம் பிடித்துக்கொண்டு போய் நீங்கள் பேர் வாங்குவீர்கள், எங்களுக்கு என்ன ஆகும், உங்களால் என்ன செய்ய முடியும் என்பதே அவருடைய கோபத்தின் சாரம். எந்த இயக்குநரும் எடிட்டிங் மேசையில் முதலில் வெட்டி எறிந்திருக்கக்கூடிய காட்சி. பட்வர்தன் அதை வெட்டவில்லை. தன்மீது வைக்கப்பட்ட குற்றப்பத்திரிகையைத் தன் படத்துக்குள்ளேயே வைத்துக்கொண்டார்.

வைத்துக்கொண்டது மட்டும் பதிலாகிவிடாது என்பதும் அவருக்குத் தெரிந்திருந்தது. 1986இல் சஞ்சய் காந்தி நகர்க் குடிசைகள் இடிக்கப்பட்டபோது ஷபனா ஆஸ்மியோடும் குடிசைவாசிகளோடும் சேர்ந்து அவர் உண்ணாவிரதம் இருந்தார். கபீர் கலா மஞ்ச் கலைஞர்கள்மீது 2011இல் மாவோயிஸ்டு முத்திரை குத்தப்பட்டு, சிலர் கைதாகி, சிலர் தலைமறைவானபோது, அவர்களுக்காக அமைக்கப்பட்ட பாதுகாப்புக் குழுவில் நின்றார். ஷீதல் சாட்டேயும் சச்சின் மாளியும் 2013 ஏப்ரலில் மகாராஷ்டிரச் சட்டமன்றக் கட்டடத்தின் முன் பகிரங்கமாக வந்து கைதானார்கள். தாங்கள் பாடுவது குற்றமல்ல என்று அறிவித்துவிட்டே சிறை சென்றார்கள். அதே குழுவைச் சேர்ந்த மூவர் 2020இல் பீமா கோரேகாவ் வழக்கில் கைது செய்யப்பட்டார்கள். படம் முடிந்துவிட்டது, விருது வாங்கியாயிற்று, அடுத்த ‘சப்ஜெக்ட்’ தேடிப் போவோம் என்று போக முடியாத வகையில் இந்தப் படம் தன்னை எடுத்தவரையும் கட்டிப்போட்டிருக்கிறது.

இதற்கு மேலும் ஒரு கேள்வி இருக்கிறது, அதுவும் கடுமையானது. தலித் அல்லாத ஒருவர் தலித்துகளின் துயரத்தையும் பாட்டையும் தொகுத்து உலகுக்குச் சொல்லலாமா? எதைச் சேர்ப்பது, எதை விடுவது என்ற அதிகாரம் யார் கையில் இருக்கிறது? தலித் சிந்தனையாளர்கள் எழுப்பிய இந்த விமர்சனத்தை ‘நல்லெண்ணம் உள்ளவரை இப்படிக் கேட்கலாமா’ என்று சொல்லி மூடிவிடக் கூடாது. நல்லெண்ணம் கேமராவின் கோணத்தைத் தீர்மானிப்பதில்லை. அதைப் பிடித்திருக்கும் கையே தீர்மானிக்கிறது.

2022இல் நடந்த ஒன்றை நினைவுபடுத்துகிறோம். உத்தரப் பிரதேசத்தின் பந்தேல்கண்டில் தலித் பெண்கள் முன்னின்று நடத்தும் ‘கபர் லஹரியா’ செய்தி நிறுவனத்தைப் பற்றி ‘ரைட்டிங் வித் ஃபயர்’ (2021) என்ற ஆவணப்படம் வந்தது. ஆஸ்கர் பரிந்துரைப் பட்டியல்வரை போனது. உலகம் கைதட்டிக்கொண்டிருந்தபோது அந்தப் பெண்களே ஓர் அறிக்கை வெளியிட்டார்கள். படம் எங்களை ஒரு கட்சியைப் பற்றி மட்டுமே செய்தி எழுதுபவர்களாகச் சுருக்கிவிட்டது, எங்கள் பணி அதுவல்ல என்றார்கள். கேமராவின் முன்னால் இருப்பவர்கள் படத்தைப் பார்த்து ‘இது நாங்கள் இல்லை’ என்று சொல்லும் உரிமை அது. விமர்சனம் என்றால் இதுதான் விமர்சனம். இதன் பக்கத்தில் வைத்துப் பார்த்தால் நம் ‘கலை எங்கே’ எவ்வளவு சோம்பலான கேள்வி என்பது விளங்கும்.

ஆகவே, இத்தகைய படங்களை அளக்க வேறு அளவுகோல்களை முன்வைக்கிறோம். படமெடுக்கப்பட்டவர்கள் படத்துக்குள் எடுத்தவரைக் கேள்வி கேட்க முடிகிறதா? செய்தியாளர்கள் எல்லாரும் போன பிறகும் எடுத்தவர் அங்கே இருந்தாரா? படம் முடிந்ததும் அது முதலில் யாருக்குக் காட்டப்பட்டது? துயரத்தைத் தவிர வேறு ஏதேனும், அவர்களுடைய சிரிப்பு, புத்தி, சண்டை, பாட்டு, படத்தில் இடம் பெற்றதா? இவை அறவியல் கேள்விகள், அழகியல் கேள்விகள் அல்ல என்று சொல்வீர்கள். இல்லை. எந்தக் கோணத்தில் கேமராவை வைப்பது, எப்போது நிறுத்துவது, யார் வாக்கியத்தை முடிக்கவிடுவது என்ற ஒவ்வொரு வடிவ முடிவும் இந்தக் கேள்விகளிலிருந்துதான் பிறக்கிறது. ‘ஜெய் பீம் காம்ரேட்’ இவற்றில் பலவற்றுக்கு நேர்மையாகப் பதில் சொல்கிறது. எடுப்பவர் யார் என்ற கேள்விக்கு அதனால் முழுப்பதில் சொல்ல முடியாது. அதற்குப் பதில், கேமரா கைமாறுவதுதான். நாகராஜ் மஞ்சுளேயின் ‘ஃபன்ட்ரி’ (2013) கதைப்படத்திலும், ஜோதி நிஷாவின் அம்பேத்கர் பற்றிய ஆவணப்படத்திலும் (2023) அது கைமாறத் தொடங்கியிருக்கிறது.

7

இதெல்லாம் மகாராஷ்டிர விஷயம், நமக்கென்ன என்பவர்களுக்கு ஒன்று. 1999 ஜூலை 23 அன்று திருநெல்வேலியில் மாஞ்சோலைத் தோட்டத் தொழிலாளர்களின் ஊர்வலத்தின்மீது காவல்துறை தடியடி நடத்தியது. தாமிரபரணியில் பதினேழு பேர் இறந்தார்கள். ஆர்.ஆர். சீனிவாசன் ‘நதியின் மரணம்’ எடுத்தார். நம் இதழ்களில் அந்தப் படத்தின் வடிவத்தைப் பற்றி எத்தனை கட்டுரைகள் வந்தன? 2017இல் திவ்யபாரதியின் ‘கக்கூஸ்’ வந்தது. மனிதக் கழிவை மனிதர் அள்ளுவதைச் சட்டம் 1993இலும் 2013இலும் இருமுறை தடை செய்த பிறகும் அள்ளிக்கொண்டிருப்பவர்களைப் பற்றிய படம். அதைத் திரையிட அரங்கம் மறுக்கப்பட்டது, இயக்குநர் மிரட்டப்பட்டார். கடைசியில் யூடியூபில் மக்கள் பார்த்தார்கள். நாம் அப்போது எதைப் பற்றி விவாதித்துக்கொண்டிருந்தோம் என்பதை அவரவர் நினைவில் தேடிக்கொள்ளலாம்.

முடிப்பதற்கு முன்பு எங்களைப் பற்றியும் ஒன்றைச் சொல்லியாக வேண்டும். அந்த ஞாயிற்றுக்கிழமை, எங்கள் கூடத்தைப் பெருக்கி நாற்காலிகளைப் போட்டுவிட்டுப் போக வேண்டிய அம்மா, படத்தில் பாட்டு எழுந்தபோது வாசலில் நின்றுவிட்டார். மொழி அவருக்குத் தெரியாது. சுவரில் கையை ஊன்றிக்கொண்டு இரண்டு பாட்டு முழுவதும் கேட்டார். உள்ளே நான்கு நாற்காலிகள் காலியாக இருந்தன. எங்களில் ஒருவருக்கும் ‘உட்காருங்கள் அம்மா’ என்று சொல்லத் தோன்றவில்லை. மூன்றாவது பாட்டுக்கு முன்பு அவர் போய்விட்டார். பிறகு விளக்கைப் போட்டோம். கலை எங்கே என்று பேசத் தொடங்கினோம்.

அடுத்த திரையிடலை அந்தக் கூடத்தில் வைப்பதாக இல்லை. எங்கள் ஊர்த் துப்புரவுத் தொழிலாளர் குடியிருப்பில், அவர்களிடம் கேட்டு, அவர்களுக்கு வசதியான நேரத்தில் ‘கக்கூஸ்’ படத்தைக் காட்டலாம் என்றிருக்கிறோம். வேண்டாம் என்று அவர்கள் சொன்னால் அதையும் கேட்டுக்கொள்வோம். பார்த்தால், முதல் கேள்வியை அவர்கள் கேட்கட்டும். எங்கள் மூத்த நண்பரையும் அழைத்திருக்கிறோம். வருவதாகச் சொல்லியிருக்கிறார்.